உயிரின் எழுத்தை அலைகளைக் கொண்டு வாசித்த கதை



இது கொஞ்சம் நீண்ட பதிவு. ஆறுதலாக இருக்கும் நேரத்தில் வாசியுங்கள். இரண்டு கேள்விகள் எங்களை இதை எழுத வைத்தன.

முதலாவது, ஒவ்வொரு வருடமும் உயர்தர உயிரியல் பிரிவுப் பிள்ளைகள் கேட்பது. "சேர், நாங்க டொக்டருக்குத்தானே படிக்கிறோம், அலைவுகளும் அலைகளும் எங்களுக்கு எதுக்கு?" இரண்டாவது, சென்ற மாதம் ஊர் வாட்ஸ்அப் குழுமங்களில் சுற்றிய ஒரு குரல் பதிவோடு வந்தது. 528 ஹேர்ட்ஸ் மீடிறனில் ஓர் ஒலியைத் தினமும் கேட்டால் உடம்பில் பழுதான டீ.என்.ஏ. தானாகத் திருந்திவிடும் என்று அதில் ஒருவர் மிக அழகாகப் பேசுகிறார். நடுவில் அலை, மீடிறன், குவாண்டம் என்று பௌதிகவியல் சொற்கள். இரத்த நோயுள்ள பிள்ளை ஒன்றின் உம்மா அதைக் கேட்டுவிட்டு, இதைப் போட்டுக்கொண்டிருந்தால் பிள்ளைக்கு இரத்தம் ஏற்றுவதை நிறுத்தலாமா என்று எங்களிடம் கேட்டார். நிறுத்தவே வேண்டாம், கிளினிக் நாளைத் தவறவிட வேண்டாம் என்று அந்த இடத்திலேயே சொல்லிவிட்டோம். ஆனால் அவர் கேட்டதில் ஒரு நியாயம் இருக்கிறது. அலைக்கும் பரம்பரையலகுக்கும் உண்மையிலேயே தொடர்பு உண்டு. அந்தத் தொடர்புக்கு நூறு வருடத்துக்கு மேற்பட்ட வரலாறு இருக்கிறது, அதில் நம் மொழி பேசும் ஊர்களுக்கும் பங்கு இருக்கிறது. அந்த வரலாறு தெரியாத இடத்தில்தான் குரல் பதிவுக்காரர் கடை விரிக்கிறார்.

கடலிலிருந்து தொடங்குவோம். நமக்கு அது பக்கத்தில் இருக்கிறது.

வாடைக் காலத்தில் வெளிக்கடலில் இருந்து வரும் பெரிய அலைகள் கொட்டியாரக் குடாவுக்குள் வரிசை வரிசையாக நுழைவதைப் பார்த்திருப்பீர்கள். அவை ஓர் ஒடுங்கிய வாயைத் தாண்டும்போது நேராகவே போய்விடுவதில்லை. வாயின் இரு பக்கமும் வளைந்து, விசிறி போல விரிந்து, தடுப்புக்குப் பின்னால் ஒதுங்கி நிற்கும் தோணியையும் ஆட்டுகின்றன. பாடப்புத்தகத்தில் இதற்குக் கோணல் என்று பெயர். வாயின் அகலமும் அலையின் நீளமும் கிட்டத்தட்ட ஒரே அளவாக இருந்தால் விரிவு அதிகம். வாய் மிக அகலமாக இருந்தால் அலை பெரும்பாலும் நேராகவே போகும். இரண்டு வாய்கள் இருந்தால் இரண்டு விசிறிகள். அவை சந்திக்கும் இடத்தில் மேட்டோடு மேடு சேர்ந்தால் அலை உயரும். மேட்டோடு பள்ளம் சேர்ந்தால் தண்ணீர் அசையாமல் கிடக்கும். இது தலையீடு. தடுப்பில் எத்தனை வாய்கள், எவ்வளவு இடைவெளியில் இருக்கின்றன என்பதை, தடுப்பைப் பார்க்காமலே, கரையில் எந்த இடம் ஆடுகிறது, எந்த இடம் அமைதியாக இருக்கிறது என்பதைக் கொண்டு கணக்கிடலாம்.

கண்ணால் காண முடியாத ஒன்றின் உருவத்தை, அது சிதறடிக்கும் அலையைக் கொண்டு அறிவது. இந்தப் பதிவு முழுக்க இந்த ஒரு வித்தைதான் வரப்போகிறது.

இங்கே இப்னுல் ஹைதம் அவர்களை நினைவுகூராமல் போக முடியாது. பஸராவில் பிறந்து கெய்ரோவில் வாழ்ந்து, 11ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் 'கிதாபுல் மனாழிர்' எழுதியவர். இருட்டறையில் சிறு துளை வழியே ஒளியை விட்டு, பார்வை என்பது கண்ணிலிருந்து போவது அல்ல, பொருளிலிருந்து ஒளி கண்ணுக்கு வருவது என்று பரிசோதனையால் நிறுவியவர். ஆனால் ஒளி ஓர் அலை என்று அவர் சொல்லவில்லை. சொன்னதாக மீலாத் மேடைகளில் பேசுவது அவருக்கு நாம் செய்யும் மரியாதை ஆகாது. ஒளியின் அலை இயல்பு 17ஆம் நூற்றாண்டிலிருந்து மெல்ல மெல்லப் பேசப்பட்டு, 1800களின் தொடக்கத்தில் தோமஸ் யங் என்ற ஆங்கில மருத்துவர் செய்த தலையீட்டுப் பரிசோதனைகளோடுதான் காலூன்றியது. ஆம், மருத்துவர். உயிரியல் பிரிவுப் பிள்ளைகள் கவனிக்கவும்.

கண்ணுக்குத் தெரியும் ஒளியின் அலைநீளம் 400 முதல் 700 நனோமீற்றர். அணுக்களுக்கு இடையிலான தூரம் ஒரு நனோமீற்றரில் பத்தில் ஒரு பங்கு அளவு. வெளிக்கடல் அலை ஒன்று இறங்குதுறைத் தூணில் அடித்த ஆணியைக் கண்டுகொள்ளாதது போல, சாதாரண ஒளி அணுவைக் கண்டுகொள்ளாது. எவ்வளவு நல்ல ஒளி நுணுக்குக்காட்டி வாங்கினாலும் இது மாறாது. அணுவளவு நீளமுள்ள அலை ஒன்று வேண்டும். 1895இல் ரொண்ட்ஜன் கண்டுபிடித்த எக்ஸ்-கதிர் அப்படிப்பட்டதுதானா என்ற சந்தேகம் 17 வருடங்கள் நீடித்தது. 1912இல் மியூனிக் நகரில் மக்ஸ் வொன் லாவே சொன்ன யோசனைப்படி, பிரீட்ரிக், நிப்பிங் என்ற இரு இளைஞர்கள் செப்புச் சல்பேற்றுப் பளிங்கு ஒன்றின் ஊடாக எக்ஸ்-கதிரைச் செலுத்தினார்கள். நாம் பாடசாலையில் நூலில் கட்டி வளர்க்கும் அதே நீலப் பளிங்கு. பின்னால் வைத்த புகைப்படத் தகட்டில் புள்ளிகள் விழுந்தன. பளிங்கின் அணு வரிசைகள் துறைமுக வாய்களாகவும், எக்ஸ்-கதிர் அலையாகவும் நடந்துகொண்டன. அடுத்த வருடத்துக்குள் இங்கிலாந்தில் பிராக் என்ற தந்தையும் மகனும் அந்தப் புள்ளிகளிலிருந்து அணுக்களின் இருப்பிடத்தைக் கணக்கிடும் முறையை வகுத்தார்கள். 1915இல் இருவருக்கும் நோபல் பரிசு. மகனுக்கு அப்போது வயது 25.

இனி நம் பக்கம் வருவோம்.

சர் சி. வி. இராமனை எல்லோருக்கும் தெரியும். 1921இல் கப்பலில் போகும்போது கடலின் நீலத்தைப் பார்த்து, அது வானத்தின் வெறும் தெறிப்பு அல்ல, தண்ணீரே ஒளியைச் சிதறடிப்பதால் வருவது என்று காட்டியவர். அந்த வழியில் போய் 1928இல் இராமன் விளைவைக் கண்டார். அவரிடம் 1942இல் பெங்களூர் இந்திய விஞ்ஞான நிறுவகத்துக்கு ஓர் இளைஞர் வந்தார். பெயர் ஜி. என். இராமச்சந்திரன். 1922இல் எர்ணாகுளத்தில் பிறந்து, திருச்சி புனித வளனார் கல்லூரியில் பௌதிகவியல் படித்தவர். மின் பொறியியல் படிக்கத்தான் சேர்ந்தார். இராமன் அவரைத் தன் பௌதிகவியல் துறைக்கு இழுத்துக்கொண்டார். பின்பு கேம்பிரிட்ஜ் போய் 1949இல் கலாநிதிப் பட்டம் பெற்றுத் திரும்பி, 1952இல் முப்பது வயது நிரம்பும் காலத்தில் சென்னைப் பல்கலைக்கழகப் பௌதிகவியல் துறையின் தலைவரானார். அவரை அங்கு கொண்டுவந்தவர் துணைவேந்தர் ஏ. இலட்சுமணசாமி முதலியார்.

அந்த வருடம் சென்னைக்கு வந்த ஜே. டி. பெர்னால் என்ற பிரித்தானிய விஞ்ஞானி பேச்சுவாக்கில் ஒரு விடயம் சொன்னார்: கொலாஜன் என்ற புரதத்தின் அமைப்பு யாருக்கும் இன்னும் சரியாகத் தெரியவில்லை. கொலாஜன்தான் நம் உடம்பில் மிக அதிகமாக உள்ள புரதம். தோல், எலும்பு, தசைநாண் எல்லாவற்றையும் பிடித்து வைத்திருப்பது அது. மாட்டுத் தோலைப் பதனிட்டுச் செருப்பாக்கும்போது நாம் காலில் போடுவதும் அதுவே. இராமச்சந்திரனும் அவருடைய சகா கோபிநாத் கர்த்தாவும் கங்காருவின் வால் தசைநாணில் எக்ஸ்-கதிரைச் செலுத்தி, விழுந்த கோலத்தைப் படித்தார்கள். 1954 ஓகஸ்ட் மாதம் 'நேச்சர்' இதழில் கட்டுரை வந்தது: கொலாஜன் மூன்று இழை சேர்ந்தது. அடுத்த வருடம் அதைத் திருத்தி, மூன்று இழையும் ஒவ்வொன்றும் தனக்குள் முறுகியபடி ஒன்றோடொன்றும் முறுகிக் கிடக்கின்றன என்றார்கள். தலைமுடியை மூன்றாகப் பிரித்துப் பின்னுவதை விட, தேங்காய் நாரில் மூன்று புரிக் கயிறு திரிப்பது இதற்குப் பொருத்தமான உவமை. கிண்ணியாவிலும் மூதூரிலும் கயிறு திரிக்கக் கண்டவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவைப்படாது.

கதை அங்கே முடியவில்லை. பிரான்சிஸ் கிரிக்கும் அலெக்ஸாண்டர் ரிச்சும் 1955இல் ஆட்சேபித்தார்கள். பொதுவான வடிவம் சரி, ஆனால் சில அணுக்கள் ஒன்றுக்கொன்று அளவுக்கு மீறி நெருங்கி நிற்கின்றன என்றார்கள். டீ.என்.ஏ. அமைப்பைச் சொன்ன கிரிக்கே சொல்கிறார் என்றால் மற்றவர்கள் பேசாமல் இருந்திருப்பார்கள். இராமச்சந்திரன் அளவுகோலையே கேள்வி கேட்டார். "அளவுக்கு மீறி" என்றால் என்ன அளவு? அதுவரை தீர்க்கப்பட்ட பளிங்கு அமைப்புகளை எல்லாம் எடுத்து, எந்த அணு எந்த அணுவுக்கு எவ்வளவு தூரம் வரை நெருங்குகிறது என்று பட்டியலிட்டார்கள். அந்த வேலையிலிருந்து 1963இல் சி. இராமகிருஷ்ணன், வி. சசிசேகரன் இருவரோடும் சேர்ந்து வெளியிட்டதுதான் இன்று உலகம் முழுவதும் 'இராமச்சந்திரன் வரைபு' என்று சொல்லப்படுவது. புரதச் சங்கிலியின் ஒவ்வொரு மூட்டும் எந்தக் கோணங்களில் திரும்ப முடியும், எந்தக் கோணங்களில் திரும்பவே முடியாது என்பதை ஒரு சதுரப் படத்தில் அடக்கிவிட்டது அது. இன்று கணினி ஒரு பரம்பரையலகின் எழுத்தைப் பார்த்து அது உண்டாக்கும் புரதத்தின் உருவத்தை ஊகித்தாலும், அந்த உருவம் சரியா பிழையா என்று முதலில் சோதிப்பவற்றுள் சென்னையில் வரைந்த அந்தப் படமும் ஒன்று. அவருக்கு நோபல் பரிசு கிடைக்கவில்லை. கிடைத்திருக்க வேண்டும் என்பது எங்கள் கருத்து மட்டுமல்ல, அந்தத் துறையில் பலரின் கருத்தும் அதுவே. 2001இல் சென்னையில் காலமானார்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறோம். 1971இல் அவரும் ஏ. வி. இலட்சுமிநாராயணனும் எழுதிய ஒரு கட்டுரை, பல திசைகளிலிருந்து எடுத்த எக்ஸ்-கதிர் நிழல்களைச் சேர்த்து உள்ளுருவத்தை விரைவாகக் கட்டியெழுப்பும் கணித வழியைத் தந்தது. வைத்தியசாலையில் சீ.ரீ. ஸ்கேன் எடுக்கும்போது கணினி செய்யும் கணக்கு இந்த வகைதான்.

சென்னையில் கொலாஜன் வேலை தொடங்கிய அதே 1952இல், மே மாதம், இலண்டன் கிங்ஸ் கல்லூரியில் ரொசலின்ட் பிராங்ளினும் அவருடைய மாணவர் ரேமண்ட் கோஸ்லிங்கும் ஈரப்பதன் கூட்டிய டீ.என்.ஏ. நார் ஒன்றை எக்ஸ்-கதிருக்கு முன்னால் வைத்தார்கள். ஏறத்தாழ 62 மணித்தியாலம் கதிர் விழுந்தது. கிடைத்த படத்துக்கு 51ஆம் இலக்கம். நடுவில் பெருக்கல் குறி போல ஒரு கோலம். சுருள் வடிவப் பொருள் ஒன்று அலையைச் சிதறடித்தால் அப்படித்தான் விழும். கோடுகளுக்கு இடையிலான தூரத்திலிருந்து ஒரு சுற்றின் உயரம் 3.4 நனோமீற்றர் என்று வந்தது. அடுத்தடுத்த மூலங்களுக்கு இடைவெளி 0.34. ஆகவே ஒரு சுற்றுக்குப் பத்துப் படி.

அந்தப் படத்தில் எங்களை எப்போதும் நிறுத்தி வைப்பது, இல்லாமல் போன ஒரு கோடு. வரிசையாக விழ வேண்டிய கோடுகளில் நான்காவது காணப்படவில்லை. கரையில் ஆட வேண்டிய இடம் அசையாமல் கிடந்தால், இரண்டு அலைகள் அங்கே ஒன்றையொன்று தின்றுவிட்டன என்று பொருள் இல்லையா? சுருளில் இரண்டு இழைகள் இருந்து, ஒன்று மற்றதிலிருந்து சுற்றின் எட்டில் மூன்று பங்கு தள்ளி நின்றால், சரியாக நான்காவது கோடுதான் அழியும். பிராங்ளினும் கோஸ்லிங்கும் 1953 ஏப்ரல் கட்டுரையில் இதையே எழுதினார்கள். வாட்சனும் கிரிக்கும் இரட்டைச் சுருள் மாதிரியை அதே இதழில், அவர்களுக்கு முன் பக்கங்களில் வெளியிட்டார்கள். பிராங்ளினுக்குத் தெரியாமலே அவருடைய படம் அந்த ஜனவரியில் வாட்சனுக்குக் காட்டப்பட்டிருந்தது. 1958இல், 37 வயதில், புற்றுநோயால் அவர் இறந்தார். 1962இல் வாட்சன், கிரிக், வில்கின்ஸ் மூவரும் பரிசு வாங்கினார்கள். நம் பெண் பிள்ளைகளுக்கு இந்தப் பாடத்தை எடுக்கும்போது இதைச் சொல்லாமல் எடுப்பதில்லை.

இந்த மூவருக்கும் உயிரியலில் ஆசை வரக் காரணமாக இருந்த புத்தகங்களில் ஒன்றை எழுதியவர் எர்வின் ஷ்ரோடிங்கர். அணுவின் உலகத்துக்கு அலைச் சமன்பாடு தந்த அதே மனிதர். பரம்பரைச் செய்தி ஒரே கோலம் திரும்பத் திரும்ப வராத ஒரு பளிங்கில் எழுதப்பட்டிருக்க வேண்டும் என்று 1944இலேயே எழுதினார். பளிங்கு என்ற சொல்லை அவர் தேர்ந்ததும், அலையைக் கொண்டு பளிங்கை வாசிக்கத் தெரிந்தவர்கள் டீ.என்.ஏ.யின் பக்கம் திரும்பியதும் தனித்தனிச் சங்கதிகள் அல்ல.

வடிவம் தெரிந்துவிட்டது. எழுத்து? மனிதக் கலம் ஒன்றின் டீ.என்.ஏ. தொகுதியில் சுமார் 300 கோடி எழுத்துக்கள். அடெனின், தைமின், குவானின், சைற்றோசின் என்ற நான்கு எழுத்துக்கள்தான் மாறி மாறி வருகின்றன. அவற்றில் நூற்றுக்கு ஒன்று, இரண்டு வீதம் மட்டுமே புரதத்துக்கான கட்டளை. அந்தக் காட்டில் கட்டளை எங்கே தொடங்குகிறது என்று எப்படித் தேடுவது? இதற்கான ஒரு விடையை விளங்கிக்கொள்ள மறுபடியும் துறைமுகத்துக்குத்தான் போக வேண்டும்.

நம் துறைமுகத்தில் வற்றுப்பெருக்கு ஒரு மீற்றருக்கும் குறைவு. ஆனால் ஒழுங்கானது. சந்திரனால் வரும் ஏற்ற இறக்கம் 12 மணி 25 நிமிடத்துக்கு ஒரு முறை, சூரியனால் வருவது 12 மணிக்கு ஒரு முறை, இன்னும் சில நாளுக்கு ஒரு முறை வருபவை. இவை எல்லாம் ஒன்றின் மேல் ஒன்று ஏறித்தான் நாம் காணும் கடல் மட்டம். அமாவாசைக்கும் அய்யாமுல் பீழ் நோன்பு வரும் பௌர்ணமிக்கும் அண்மையில் சந்திரனும் சூரியனும் ஒத்துப்போகும், பெருக்கு கூடும். எந்தச் சிக்கலான ஏற்ற இறக்கத்தையும் எளிய அலைகள் பலவாகப் பிரிக்கலாம் என்ற கணிதத்தை பிரெஞ்சுக்காரரான ஜோசப் பூரியே 1822இல் நூலாக வெளியிட்டார். வெப்பம் பரவுவதை ஆராயும்போது அவருக்குக் கிடைத்தது அது. கெல்வின் பிரபு அதைக் கடலுக்குக் கொண்டுவந்து, 1870களில் வற்றுப்பெருக்கை முன்கூட்டிச் சொல்லும் பற்சக்கர இயந்திரம் செய்வித்தார். பிரித்தானிய இந்தியாவின் நில அளவைத் திணைக்களம் கடல் மட்டத்தைத் தொடர்ந்து பதிந்த துறைமுகங்களில், 19ஆம் நூற்றாண்டின் கடைசிப் பத்தாண்டில், திருகோணமலையும் இருந்தது. நம் கடலின் ஏற்ற இறக்கமும் பூரியேயின் கணக்கில் பிரிக்கப்பட்டுத்தான் அட்டவணையானது.

ஏறக்குறைய நூறு வருடம் கழித்து, 1997இல், புது டில்லி ஜவஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் ஆர். இராமசாமி என்ற பேராசிரியரும், ஆலோக் பட்டாச்சார்யா, சுதா பட்டாச்சார்யா முதலிய உயிரியலாளர்களும் சேர்ந்து இதே கணக்கை டீ.என்.ஏ. எழுத்தின் மேல் வைத்தார்கள். வழி இதுதான்: குவானின் உள்ள இடமெல்லாம் 1, இல்லாத இடமெல்லாம் 0 என்று எழுதினால் எழுத்துத் தொடர் ஒரு ஏற்ற இறக்கமாகிவிடுகிறது. நான்கு எழுத்துக்கும் இப்படி நான்கு தொடர்கள். அவற்றை வற்றுப்பெருக்குப் போலப் பிரித்துப் பார்த்தால், புரதக் கட்டளை உள்ள பகுதிகளில் "மூன்று எழுத்துக்கு ஒரு முறை" என்ற தாளம் உரக்கக் கேட்கிறது. மற்றப் பகுதிகளில் பெரும்பாலும் கேட்பதில்லை. காரணம் எளிது. கட்டளை மூன்று மூன்று எழுத்துச் சொற்களால் ஆனது. அந்தச் சொற்களின் முதல், இரண்டாம், மூன்றாம் இடங்களில் நான்கு எழுத்தும் சம அளவில் வருவதில்லை. மூன்று எழுத்துத் தாளம் இருப்பது முன்பே கவனிக்கப்பட்டதுதான். அதைக் கொண்டு பரம்பரையலகைத் தேடும் நேரடியான கருவி ஒன்றைச் செய்தது இந்தக் குழு. 'ஜீன்ஸ்கேன்' என்று பெயர் வைத்தார்கள். சிறிய துண்டுகளில் தாளம் தெளிவாக வராது. அதனால் இன்று வேறு முறைகளோடு சேர்த்துத்தான் இப்படிப்பட்ட கணக்கைப் பயன்படுத்துகிறார்கள்.

இங்கே ஒரு வேறுபாட்டைப் பிள்ளைகள் விளங்கிக்கொள்ள வேண்டும். பிராங்ளினின் படத்தில் வந்தது உண்மையான அலை. கதிராக வந்து, அணுவில் மோதிச் சிதறியது. டில்லிக் குழுவின் கணக்கில் வருவது தாளில் உள்ள அலை. டீ.என்.ஏ.க்குள் எதுவும் அங்கே அதிர்ந்துகொண்டிருக்கவில்லை. சந்தையில் மூன்று கடைக்கு ஒரு முறை தேநீர்க்கடை வந்தால், சந்தை அதிர்கிறது என்று சொல்வோமா? இந்த இரண்டையும் ஒன்றாகக் குழப்புவதுதான் குரல் பதிவுக்காரர்களின் முதல் சாமர்த்தியம்.

எழுத்தை ஒன்றொன்றாக வாசிக்கும் இயந்திரங்களோ உண்மையான அலையைத்தான் நம்புகின்றன. 1980களில் நான்கு எழுத்துக்கும் நான்கு நிறச் சாயம் கட்டி, லேசர் பட்டதும் எந்த அலைநீளத்தில் ஒளிர்கிறது என்று பார்த்து எழுத்தை அறியும் முறை வந்தது. அதைக் கோடிக்கணக்கான துண்டுகளில் ஒரே நேரத்தில் செய்யும் வழியைக் கேம்பிரிட்ஜில் வகுத்த இருவரில் ஒருவர் சங்கர் பாலசுப்பிரமணியன். 1966இல் சென்னையில் பிறந்து குழந்தையாக இங்கிலாந்து போனவர். மற்றவர் டேவிட் கிளெனர்மன். 1998இல் அவர்கள் தொடங்கிய சொலெக்சா நிறுவனத்தின் முறைதான் இன்று மிகப் பரவலாக உள்ளது.

சுனாமி நம்மிடமிருந்து கொண்டுபோனதை இங்கே யாருக்கும் நினைவூட்டத் தேவையில்லை. கிண்ணியா வைத்தியசாலையே போனது. அந்த நாட்களில் கல்முனை வைத்தியசாலையில் 81ஆவது ஆளாகச் சேர்க்கப்பட்ட ஒரு கைக்குழந்தை யாருடையது என்ற வழக்கு உலகம் முழுக்கப் பேசப்பட்டது. நீதிமன்றம் டீ.என்.ஏ. பரிசோதனைக்கு உத்தரவிட்டு, 2005 பெப்ரவரியில் பிள்ளை தாய் தந்தையிடம் போய்ச் சேர்ந்தது. கடல் அலை பிரித்ததைச் சேர்த்து வைப்பதற்கும் இந்த எழுத்து வாசிப்புத்தான் உதவியது.

கொரோனா காலத்தில் செய்த பீ.சீ.ஆர். பரிசோதனையிலும் இயந்திரம் பார்ப்பது ஒளிர்வைத்தான். சுற்றுக்குச் சுற்று ஒளி கூடினால் வைரஸின் எழுத்து இருக்கிறது என்று பொருள். அந்தக் காலத்தைப் பேசும்போது இன்னொன்றையும் பேசாமல் இருக்க முடியவில்லை. 2020 ஏப்ரலில் கொரோனா ஜனாஸாக்களைக் கட்டாயமாக எரிக்க வர்த்தமானி வந்தது. நிலத்தடி நீர் வழியே வைரஸ் பரவும் என்று விஞ்ஞானத்தின் பெயரால் சொன்னார்கள். உலக சுகாதார அமைப்பின் வழிகாட்டலோ அடக்கம் செய்யலாம் என்றே இருந்தது. 2021 பெப்ரவரி இறுதியில்தான் வர்த்தமானி மாறியது. மார்ச்சில் ஓட்டமாவடியில் அடக்கம் தொடங்கியது. 2024இல் அமைச்சரவை மன்னிப்புக் கேட்கத் தீர்மானித்தது. ஆதாரமில்லாத பேச்சு விஞ்ஞானச் சட்டை போட்டு வந்தால் என்ன செய்யும் என்று நம்மை விட நன்றாகத் தெரிந்தவர்கள் இந்த நாட்டில் குறைவு. அதனால்தான் நம் குழுமங்களிலேயே அந்தச் சட்டை சுற்றுவதைப் பார்க்கும்போது மனம் கொதிக்கிறது.

சரி, 528 ஹேர்ட்ஸ். இது வேதத்திலும் இல்லை, ஆய்வுகூடத்திலும் பிறக்கவில்லை. 1990களின் இறுதியில் அமெரிக்காவில் வந்த ஒரு நூல், எண் கணித விளையாட்டில் எடுத்த எண்களில் இது ஒன்று. அதைச் சோதிக்க பத்தாம் ஆண்டுக் கணக்குப் போதும். காற்றில் ஒலியின் வேகம் வினாடிக்கு சுமார் 340 மீற்றர். 528ஆல் பிரித்தால் அலைநீளம் 64 சென்ரிமீற்றர். உடம்பு பெரும்பாலும் தண்ணீர். அதில் ஒலி வேகமாகப் போவதால் அலைநீளம் 2.8 மீற்றருக்கு மேல். டீ.என்.ஏ. இழையின் அகலம் 2 நனோமீற்றர். மேலே சொன்ன அலையும் ஆணியும் நினைவிருக்கிறதா? இது அதைவிட மோசம். ஒரு பிள்ளையின் முழு உடம்பை விட நீளமான அலை, 300 கோடி எழுத்தில் பிழையான ஒன்றைத் தேடிப்பிடித்துத் திருத்தும் என்கிறார்கள். அதோடு, ஹேர்ட்ஸ் என்பது வினாடிக்கு எத்தனை என்ற கணக்கு. வினாடி, நாளை 86,400ஆக மனிதர் பிரித்துக்கொண்டது. நாளை வேறு விதமாகப் பிரித்திருந்தால் அதே ஒலிக்கு வேறு எண் வந்திருக்கும். கலத்துக்கு நம் மணிக்கூடு தெரியாது.

பெரிய பெயர்களும் இதில் இழுபடுகின்றன. ரஷ்யாவில் பியோத்தர் கரியாயெவ் என்பவர் 'அலைப் பரம்பரையியல்' என்று எழுதினார். எச்.ஐ.வி. கண்டுபிடிப்புக்காக 2008இல் நோபல் பெற்ற லுக் மொன்டான்யே, டீ.என்.ஏ. கரைசல் மின்காந்தச் சைகை விடுகிறது என்று அடுத்த வருடம் எழுதினார். இரண்டையும் விஞ்ஞான உலகம் ஏற்கவில்லை. நோபல் வாங்கியவர் சொன்னாலும் மற்றவர்கள் செய்து பார்க்கும்போதும் அது வர வேண்டும். கிரிக் சொன்னதையே சென்னையில் இருந்தவர் அளந்து பார்க்கவில்லையா?

டீ.என்.ஏ.யைத் திருத்தும் அலை ஒன்றும் இல்லையா என்றால், இருக்கிறது. அது ஒலி அல்ல, நீல ஒளி. அதைப் புரிய வைத்தவர்களில் முதன்மையானவர் அஸீஸ் சன்ஜார். துருக்கியின் மார்டின் மாகாணத்தில் சவூர் என்ற சிற்றூரில் 1946இல் பிறந்தவர். எட்டுப் பிள்ளைகளில் ஏழாவது. தாய் தந்தைக்கு எழுத வாசிக்கத் தெரியாது. பிள்ளைகள் படிக்க வேண்டும் என்பதில் மட்டும் விட்டுக்கொடுக்கவில்லை. இஸ்தான்புல்லில் மருத்துவம் படித்து, ஊர்ப்பக்கத்தில் வைத்தியராக வேலை செய்துவிட்டு அமெரிக்கா போனார்.

புறஊதாக் கதிரை, குறிப்பாக 260 நனோமீற்றரை ஒட்டிய அலைகளை, டீ.என்.ஏ. நன்றாக உறிஞ்சும். உறிஞ்சினால் பக்கத்தில் பக்கத்தில் உள்ள இரண்டு தைமின்கள் ஒட்டிக்கொள்ளும், எழுத்து பழுதாகும். அப்படிச் சாகக் கிடந்த நுண்ணுயிர்களின் மேல் சாதாரண ஒளி பட்டால் அவை பிழைத்துக்கொள்கின்றன என்று 1949இல் அல்பர்ட் கெல்னர் கண்டிருந்தார். அதற்குக் காரணமான போட்டோலயேஸ் என்ற நொதியத்தைப் பற்றித்தான் சன்ஜார் 1977இல் கலாநிதிப் பட்டம் பெற்றார். அந்த நொதியம் ஒட்டிய எழுத்தின் மேல் உட்கார்ந்திருக்கும்; நீல ஒளி வந்து பட்டதும் அந்தச் சக்தியைக் கொண்டு ஒட்டைப் பிரித்துவிடும். பட்டத்துக்குப் பின் மூன்று ஆய்வுகூடங்களில் இடம் கேட்டு மறுக்கப்பட்டு, யேல் பல்கலைக்கழகத்தில் ஆய்வுகூட உதவியாளராக வேலைக்குச் சேர்ந்தார். ஒளி இல்லாமலே பழுதை வெட்டி எடுக்கும் இன்னொரு பொறிமுறையை அங்கிருந்துதான் பிரித்தறியத் தொடங்கினார். 2015இல் இரசாயனவியலுக்கான நோபல் பரிசை இருவரோடு பகிர்ந்துகொண்டார்.

மனிதருக்கு அந்த நீல ஒளி நொதியம் இல்லை என்று 1993இல் காட்டியதும் சன்ஜாரின் ஆய்வுகூடமே. பற்றீரியாவுக்கும் பல மீன்களுக்கும் உண்டு, நமக்கு இல்லை. உச்சி வெயிலில் வள்ளத்தில் நிற்பவரின் தோலில் ஒவ்வொரு கலமும் இரண்டாவது வழியைத்தான் பயன்படுத்துகிறது: பழுதான இடத்தைச் சுற்றிச் சுமார் 30 எழுத்தை வெட்டி எடுத்து, எதிர் இழையைப் பார்த்து மீண்டும் எழுதிக்கொள்கிறது. அந்த உம்மாவின் பிள்ளைக்கு இருப்பது வேறு வகைப் பிரச்சினை. பிறக்கும்போதே எல்லாக் கலத்திலும் இரண்டு இழையிலும் பிழையான எழுத்தே ஒத்துப்போய் இருக்கிறது. பார்த்து எழுதச் சரியான பிரதி பக்கத்தில் இல்லை. அதனால்தான் இரத்தம் ஏற்றுவதும், சேரும் இரும்பை இறக்க மருந்து கொடுப்பதும். குரல் பதிவை யாராவது உங்களுக்கு அனுப்பினால் கணக்கு உள்ள பந்தியை மட்டுமாவது வெட்டித் திருப்பி அனுப்புங்கள்.

உயர்தரப் பிள்ளைகளுக்கு: 51ஆம் இலக்கப் படத்தைப் பெரிதாக அச்சிட்டு வைத்திருக்கிறோம். திங்கட்கிழமை நான்காம் பாடவேளையில் அடிமட்டம், கல்குலேற்றர் இரண்டையும் கொண்டு வாருங்கள். சுற்றின் உயரத்தை நீங்களே அளக்கலாம்.